நெருப்போடு பழகிய ஜாக் லண்டன்

நம் ஊரில் அடுப்பு அணைந்துபோனால் பெரிய சங்கடம் ஒன்றும் இல்லை. காப்பி சற்றுத் தாமதமாகும். வீட்டில் இரண்டு பேர் முணுமுணுப்பார்கள். அவ்வளவுதான்.

கனடா நாட்டின் வடமேற்கு மூலையில் யூக்கான் என்று ஒரு பிரதேசம் இருக்கிறது. அங்கே குளிர்காலத்தில் ஆறுகள் உறைந்து கல்லாகிவிடும். அந்தப் பனியில் நடந்து போகும் ஒருவனுக்குக் கால் நனைந்துவிட்டால், அவன் உடனே தீ மூட்டிக் காலைக் காய வைக்க வேண்டும். தீ பற்றாவிட்டால் அவன் ஊர் திரும்ப மாட்டான்.

இந்த ஒரே ஒரு விஷயத்தை வைத்து ஒரு சிறுகதை எழுதி, உலகம் முழுவதும் படிக்கச் செய்தார் ஒருவர். அவர்தான் ஜாக் லண்டன். பெயரில் லண்டன் இருந்தாலும் அவர் அமெரிக்கர்.

40 வயது வரைதான் அவர் இருந்தார். அதற்குள் சுமார் 50 புத்தகங்கள் எழுதிவிட்டார். அவற்றில் மனதை விட்டு அகலாத கட்டங்களை எண்ணிப் பார்த்தால், பலவற்றில் எங்காவது ஒரு தீ எரிந்துகொண்டிருக்கும். சில இடங்களில் அது உயிரைக் காக்கும். சில இடங்களில் உயிரைக் குடிக்கும். இரண்டையும் நேரில் கண்டவர் அவர்.

பிறந்த வீடு

1876-ம் ஆண்டு ஜனவரி 12-ந் தேதி சான்பிரான்சிஸ்கோ நகரில் ஜாக் பிறந்தான். தாயார் பெயர் புளோரா.

தகப்பனார் யார் என்பதில்தான் சிக்கல். சேனி என்ற சோதிடரோடு புளோரா குடும்பம் நடத்தி வந்தாள். அவள் கர்ப்பமானதும் சோதிடர் விலகிப் போய்விட்டார். ஜாக் வளர்ந்து பெரியவனாகி, கடிதம் எழுதிக் கேட்டபோதுகூட, தாம் தகப்பன் அல்ல என்றே பதில் எழுதினார். அவர்கள் இருவரும் முறைப்படி மணம் செய்துகொண்டவர்கள்தானா? அதைச் சொல்லக்கூடிய நகரத்துப் பதிவேடுகள் 1906-ல் தீயில் சாம்பலாகிவிட்டன. ஜாக் பிறந்த வீடும் அதே தீயில் போயிற்று. அந்தத் தீயைப் பற்றிப் பிறகு பார்க்கலாம்.

தாயாருக்கு உடம்பு சரியில்லை. குழந்தைக்குப் பால் கொடுத்து வளர்த்தவள் வர்ஜீனியா பிரெண்டிஸ் என்ற கறுப்பர் இனத்துப் பெண்மணி. அடிமையாக இருந்து விடுதலை பெற்றவள். பெற்ற தாயைவிட அவளிடம்தான் ஜாக்குக்கு ஒட்டுதல் அதிகம். (இப்படி வளர்ந்தவர் பின்னாளில் வெள்ளை இனமே உயர்ந்தது என்று எழுதியதும் உண்டு. அவர் எழுத்தில் படிந்த கறை அது.)

அந்த வருடமே புளோரா வேறு ஒருவரை மணந்துகொண்டாள். அவர் பெயர் ஜான் லண்டன். போரில் பணியாற்றிய முன்னாள் சிப்பாய். நல்ல மனிதர். ஆனால் எடுத்த காரியம் எதுவும் அவருக்குக் கைகூடவில்லை. குடும்பம் ஊர் ஊராக மாறியது. கடைசியில், சான்பிரான்சிஸ்கோவுக்கு எதிர்க்கரையில் உள்ள ஓக்லாந்து நகரில் தங்கியது.

ஓக்லாந்தில் ஒரு பொது நூலகம் இருந்தது. காசு கொடுக்காமல் புத்தகம் எடுக்கலாம் என்று தெரிந்ததும் சிறுவன் ஜாக் அங்கேயே குடியிருக்காத குறைதான். நூலகத்தில் இருந்த அம்மையார் இனா கூல்பிரித். அவர் ஒரு கவி. பையன் எடுத்த ஒரு புத்தகத்தைப் பார்த்து, நல்ல புத்தகம் தேர்ந்தெடுத்தாய் என்று மெச்சினார். அந்தப் பாராட்டை ஜாக் சாகும் வரை மறக்கவில்லை.

கரி வாரிய கை

பள்ளிக்கூடத்துக்கு முன்பும் பின்பும் பத்திரிகை போட்டான். 14 வயதில், டப்பாவில் உணவு அடைக்கும் தொழிற்சாலையில் சேர்ந்தான். மணிக்கு 10 சென்ட் கூலி. சில நாள் 18 மணி நேரம்கூட வேலை.

அலுத்துப்போய், வளர்த்த தாயிடம் 300 டாலர் கடன் வாங்கினான். ஒரு சிறு பாய்மரப் படகு வாங்கினான். இரவில் பிறர் வளர்க்கும் சிப்பிகளைத் திருடி விற்றான்! பிறகு அந்தத் திருட்டைப் பிடிக்கும் காவல் படையிலேயே சேர்ந்தான். 17 வயதில் கப்பலேறி ஜப்பான் வரை போய் வந்தான். அந்தப் பயணத்தில் கண்ட புயலைப் பற்றி எழுதி, ஒரு பத்திரிகைப் போட்டியில் முதல் பரிசாக 25 டாலர் பெற்றான்.

அதற்குப் பிறகு சணல் ஆலை. அப்புறம், டிராம் வண்டிகளுக்கு மின்சாரம் தரும் நிலையத்தில் கரி வாரும் வேலை.

அங்கேதான் முதன் முதலாக அவன் நெருப்புக்கு ஊழியம் செய்தான். கொதிகலனுக்கு முன்னால் கரியைக் குவித்துக்கொண்டே இருக்க வேண்டும். மாதம் 30 டாலர். மணிக்கட்டு வீங்கிப்போய், தோல் பட்டை கட்டிக்கொண்டு வாரினான். சில நாட்கள் கழித்துத்தான் விஷயம் தெரிந்தது. முன்பு அந்த வேலையை இரண்டு பேர் பார்த்தார்கள். ஆளுக்கு 40 டாலர் சம்பளம். அந்த இருவரையும் நிறுத்திவிட்டு, அவர்கள் வேலை முழுவதையும் இந்த ஒரு பையன் தலையில் கட்டியிருந்தார்கள்!

ஜாக் வேலையை உதறிவிட்டுக் கிளம்பினான். 1894-ல் ரெயிலில் தொற்றிக்கொண்டு நாடு முழுவதும் சுற்றினான். கையில் காசில்லாமல் திரிந்த குற்றத்துக்காக 30 நாள் சிறையிலும் இருந்தான். உடம்பை மட்டும் நம்பிப் பிழைத்தால் உடம்பு தேய்ந்ததும் குப்பைக்குத்தான் போக வேண்டும் என்று அங்கே புரிந்தது. திரும்பி வந்து, தன்னைவிட வயதில் சிறிய பையன்களோடு பள்ளிக்கூடத்தில் உட்கார்ந்தான். 1896-ல் பல்கலைக்கழகத்திலும் சேர்ந்தான். பணமில்லாமல் சில மாதங்களிலேயே நிற்க வேண்டியதாயிற்று.

தங்கம் தேடி

1897 ஜூலை மாதம் அமெரிக்கா முழுவதும் ஒரே பரபரப்பு. யூக்கானில், குளோண்டைக் ஆற்றுப் பக்கத்தில் தங்கம் கிடைக்கிறது என்று செய்தி வந்தது. கப்பல் கப்பலாக ஜனங்கள் புறப்பட்டார்கள்.

ஜாக்குக்கு அப்போது வயது 21. அக்காள் எலைசா தன் வீட்டை அடகு வைத்துப் பணம் கொடுத்தாள். அவளுடைய கணவரும் கூடப் புறப்பட்டார். அவருக்கு 60 வயதுக்கு மேல். சில்கூட் என்ற செங்குத்தான மலைக் கணவாயைக் கண்டதும் அவர் வீடு திரும்பிவிட்டார்.

ஜாக் திரும்பவில்லை. அங்கே போகிறவர் பல மாதச் சாப்பாட்டைக் கையோடு கொண்டு போக வேண்டும். வழியில் கடை கிடையாது. அத்தனை மூட்டைகளையும் முதுகில் சுமந்து மலை ஏற வேண்டும். ஒரு மூட்டையை மேலே வைத்துவிட்டு இறங்கி வந்து, அடுத்ததைத் தூக்க வேண்டும். இப்படி எத்தனையோ நடை நடந்தார். ஏரிக்கரையில் மரம் வெட்டிப் படகு செய்து, நுரைத்து ஓடும் ஆற்றில் இறங்கினார்.

குளிர்காலத்தை ஒரு மரக்குடிசையில் கழித்தார். ஹெண்டர்சன் என்ற ஓடையின் கரையில் இருந்தது அந்தக் குடிசை. தங்கம் கிடைத்ததா? ஊர் திரும்பிய பிறகு விற்றுப் பார்த்ததில் தேறியது நாலரை டாலர்!

ஆனால் அந்தக் குடிசையில் அவருக்கு வேறு ஒன்று கிடைத்தது. வெளியே உயிரைக் கொல்லும் குளிர். உள்ளே ஓர் அடுப்பு. அதைச் சுற்றி, தங்கம் தேடி வந்த நாலு பேர். அடுப்பு எரிகிற வரை பேச்சும் நடக்கும். பனியில் கால் விரல் இழந்தவன் கதை, ஓநாய் துரத்தியவன் கதை, நாயால் உயிர் பிழைத்தவன் கதை எல்லாம் அவர் காதில் விழுந்தன.

பச்சைக் காய்கறி இல்லாமல் ஈறுகள் வீங்கி, ஸ்கர்வி என்ற நோய் கண்டது. 1898 கோடையில், சிறு படகில் யூக்கான் ஆற்றோடு 1,500 மைலுக்கு மேல் மிதந்து கடலை அடைந்தார். வீட்டுக்கு வந்தால் ஜான் லண்டன் இறந்துபோயிருந்தார். குடும்பப் பாரம் ஜாக்கின் தலையில் விழுந்தது.

கதை எழுதத் தொடங்கினார். அனுப்பிய கதைகள் எல்லாம் திரும்பி வந்தன. 1899 ஜனவரியில் ஒரு மாத இதழ் முதல் கதையை வெளியிட்டது. கிடைத்த பணம் 5 டாலர். தபால்காரர் உத்தியோகம் ஒன்று அப்போது தேடி வந்தது. வேண்டாம் என்று சொல்லிவிட்டு, நாளுக்கு 1,000 வார்த்தை என்று கணக்கு வைத்து எழுதினார். 1900-ல் முதல் புத்தகம் வந்தது. அதே ஆண்டில் திருமணமும் நடந்தது. இரண்டு பெண் குழந்தைகள் பிறந்தன.

ஓநாய்களும் கொள்ளிக்கட்டையும்

1903-ல் "காட்டின் அழைப்பு" என்ற நாவல் வெளிவந்தது. பக் என்ற நாயின் கதை. வெயிலில் சுகமாக வளர்ந்த நாயைத் திருடிக்கொண்டு போய், பனி நாட்டில் வண்டி இழுக்க விற்றுவிடுகிறார்கள். கடைசியில் தார்ண்டன் என்ற நல்ல எஜமானர் கிடைக்கிறார். காட்டிலிருந்து ஒரு குரல் பக்கை இழுக்கிறது. எஜமானர் மூட்டிய நெருப்பு அதைத் திரும்ப இழுக்கிறது. காட்டுக்குள் சிறிது தூரம் ஓடும். எஜமானர் நினைவு வந்ததும் நெருப்பண்டை திரும்பி வந்து படுத்துக்கொள்ளும். அவர் மாண்ட பிறகுதான் அது திரும்பி வரவில்லை.

இந்த நாவலின் முழு உரிமையையும் பதிப்பகத்துக்கு 2,000 டாலருக்கு எழுதிக் கொடுத்துவிட்டார் ஜாக். பிறகு அது லட்சக்கணக்கில் விற்றது. அவருக்கு அதில் பங்கு இல்லை.

1906-ல் வந்த "வெண்பல்" என்ற நாவலின் ஆரம்பத்தைப் படித்தவர்கள் அன்று இரவு விளக்கை அணைக்க யோசிப்பார்கள்.

ஹென்றி, பில் என்று இரண்டு பேர். இறந்துபோன ஒரு செல்வந்தரின் சவப்பெட்டியை, நாய் பூட்டிய சறுக்கு வண்டியில் கொண்டு போகிறார்கள். பஞ்சத்தில் அடிபட்ட ஓநாய்க் கூட்டம் பின்னால் வருகிறது. துப்பாக்கியில் மூன்று குண்டுகள்தான் பாக்கி. இரவுக்கு ஒரு நாயாகக் காணாமல் போகிறது. பில்லும் போய்விடுகிறான். மிஞ்சியவன் ஹென்றி ஒருவனே.

அவனுக்கு ஒரே துணை நெருப்பு. நெருப்பு எரியும் வரை ஓநாய்கள் நெருங்காது. ஆனால் எத்தனை இரவுதான் விழித்திருக்க முடியும்? எரிகிற விறகுத் துண்டு ஒன்றைத் தன் கையிலேயே கட்டிக்கொள்கிறான். கண்ணயர்ந்தால், சிறிது நேரத்தில் தணல் கையைச் சுடும். திடுக்கிட்டு விழித்துக் கொள்ளிக்கட்டைகளை வீசி விரட்டுவான். ஒரு முறை விழிக்கும்போது ஓநாய்கள் மேலேயே பாய்ந்துவிட்டன. அவன் நெருப்புக்குள்ளேயே குதித்துவிடுகிறான்! தணலை அள்ளி அள்ளி எறிகிறான். பிறகு தன்னைச் சுற்றி வட்டமாகத் தீ வளர்த்து, நடுவில் உட்கார்ந்துகொள்கிறான். அந்த வட்டம் அணைகிற தறுவாயில்தான் ஆட்கள் வந்து சேருகிறார்கள்.

அதே நாவலில் இன்னொரு கட்டம் உண்டு. ஓநாய்க் குட்டி ஒன்று செவ்விந்தியர் குடியிருப்புக்கு வருகிறது. தரையில் செக்கச் சிவந்த பூப்போல ஒன்று மலர்வதைப் பார்க்கிறது. மூக்கை நீட்டி முகர்கிறது. சுட்டுவிடுகிறது. குட்டி அலறுகிறது. மனிதர்கள் சிரிக்கிறார்கள். வீட்டில் தவழும் குழந்தை விளக்கைத் தொடப் போவதைப் பார்த்தவர்களுக்கு இந்தக் கட்டம் நன்றாகப் புரியும்.

எரிந்த நகரம்

இதற்குள் ஜாக்கின் குடும்பம் பிரிந்துவிட்டது. 1905-ல் முதல் மனைவியுடன் விவாகரத்து ஆனது. அந்த நவம்பரில் சார்மியன் என்ற பெண்மணியை மணந்துகொண்டார். சான்பிரான்சிஸ்கோவுக்கு வடக்கே கிளென் எல்லன் என்ற சிற்றூரில் பண்ணை வாங்கினார்.

1906 ஏப்ரல் 18-ந் தேதி. காலை மணி 5-12. பூமி குலுங்கியது.

பண்ணையில் அவர் புதிதாகக் கட்டிய தொழுவத்தின் சுவர் சரிந்து விழுந்தது. கெட்டியான கல் சுவர் என்று பணம் வாங்கிய கட்டுமானக்காரர், உள்ளே வெறும் கற்குப்பையை நிரப்பியிருந்தது அப்போது தெரிந்தது. மலைமேல் ஏறிப் பார்த்தார்கள். தெற்கே, சான்பிரான்சிஸ்கோ பக்கம், புகை எழும்பிக்கொண்டிருந்தது.

கணவனும் மனைவியும் ரெயில் ஏறி, படகு ஏறி, மாலைக்குள் அந்த நகருக்குள் போய்விட்டார்கள். இரவு முழுவதும் தீக்கு முன்னால் தெருத் தெருவாக நடந்தார்கள்.

பூகம்பத்தைவிட அதிகம் அழித்தது தீதான். பூமி குலுங்கியதில் தண்ணீர்க் குழாய்கள் உடைந்துவிட்டன. தீயணைப்புப் படை வந்தது, தண்ணீர் இல்லை. வழியில் இருந்த கட்டடங்களை வெடி வைத்துத் தகர்த்துத் தீயைத் தடுக்கப் பார்த்தார்கள். பலிக்கவில்லை. மூன்று நாள் எரிந்தது. சுமார் 28,000 கட்டடங்கள் அழிந்தன. 3,000 பேருக்கு மேல் மாண்டிருப்பார்கள் என்று பின்னாளில் கணக்கிட்டார்கள்.

ஒரு பத்திரிகை கேட்டுக்கொண்டதன் பேரில் ஜாக் தாம் கண்டதை எழுதினார். மே 5-ந் தேதி அது வெளிவந்தது. அன்று காற்றே இல்லை. ஆனால் நகரின் நாலு பக்கத்திலிருந்தும் தீயை நோக்கிப் பலமான காற்று வீசியது. சூடேறிய காற்று மேலே போகப் போக, சுற்றிலும் உள்ள காற்றை அது உறிஞ்சி இழுத்தது. தீ தனக்கு வேண்டிய காற்றைத் தானே உண்டாக்கிக்கொண்டது! அடுப்பு ஊதுகிற எந்தத் தாயும் இதைப் புரிந்துகொள்வாள். ஆனால் ஒரு நகரம் அளவுக்கு அடுப்பு!

ஜனங்கள் பெட்டிகளை இழுத்துக்கொண்டு தீக்கு முன்னால் போனார்கள். மேட்டில் ஏற முடியாமல் பெட்டிகளை நடுத்தெருவில் விட்டுவிட்டார்கள். ஆயினும் கூச்சல் இல்லை, நெருக்கியடிப்பு இல்லை. எல்லோரும் ஒருவருக்கொருவர் பரிவாக இருந்தார்கள் என்று வியந்து எழுதினார் ஜாக்.

செல்வந்தர்கள் வாழ்ந்த குன்று ஒன்றில் ஒரு வீட்டுக்காரர் ஜாக்கை உள்ளே அழைத்தார். நேற்றுக் காலையில் அவருக்கு 6 லட்சம் டாலர் சொத்து. இப்போது மிஞ்சியது இந்த வீடு மட்டும். அதுவும் இன்னும் கால் மணி நேரத்தில் போய்விடும். மனைவி ஆசையாகச் சேர்த்த பீங்கான் பாத்திரங்களைக் காட்டினார். 1,500 டாலர் விலையுள்ள கம்பளத்தைக் காட்டினார். பியானோவை வாசித்துப் பார்க்கும்படி சொன்னார். தெருவில் தீ வந்துகொண்டிருந்தது.

ஜாக் பிறந்த வீடு அந்தத் தீயில் எரிந்தது. சிறுவயதில் அவரை மெச்சிய இனா கூல்பிரித் அம்மையாரின் வீடும் எரிந்தது. அவருடைய கையெழுத்துப் பிரதிகளும் போயின.

இந்த இரவு ஜாக்கின் மனதில் தங்கிவிட்டது. 1912-ல் வந்த "செங்கொள்ளை நோய்" என்ற கதையில், நோயால் உலகமே அழிந்த பிறகு, ஒரு கிழவர் சான்பிரான்சிஸ்கோ கடற்கரையில் தீ மூட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். தோலாடை உடுத்திய பேரப் பையன்களுக்கு, நகரம் எரிந்த கதையைச் சொல்கிறார். எரித்ததும் தீ, கிழவருக்கும் பையன்களுக்கும் மிஞ்சியதும் தீ.

70 தீக்குச்சிகள்

முதலில் சொன்ன சிறுகதைக்கு இப்போது வருவோம். அதன் பெயர் "தீ மூட்ட". ஜாக் அதை இரண்டு முறை எழுதினார் என்பது பலருக்குத் தெரியாது.

முதல் தடவை 1902-ல், இளைஞர்களுக்கான பத்திரிகையில் எழுதினார். அதில் கதாநாயகனுக்கு டாம் வின்சென்ட் என்று பெயர் உண்டு. பனியில் தனியாகப் போகிறான், கால் நனைகிறது, படாத பாடு பட்டுத் தீ மூட்டுகிறான், தழும்பேறிய கைகளோடு பிழைத்து வருகிறான். தனியாகப் போகக்கூடாது என்று பாடம் கற்கிறான். பிள்ளைகளுக்கு ஏற்ற நல்ல கதை.

ஆறு வருடம் கழித்து, அதே தலைப்பில் மறுபடி எழுதினார். 1908 ஆகஸ்டில் வெளிவந்தது. இந்தத் தடவை அந்த மனிதனுக்குப் பெயரே இல்லை. துணைக்கு ஒரு நாய். போகும் இடம், ஜாக் ஒரு குளிர்காலம் தங்கியிருந்த அதே ஹெண்டர்சன் ஓடை.

குளிர் சைபருக்குக் கீழே 75 டிகிரி பாரன்ஹீட். சென்டிகிரேடு கணக்கில் சைபருக்குக் கீழே 59. அந்தக் குளிரில் உஷ்ணமானியில் உள்ள பாதரசமே உறைந்துவிடும். அவன் துப்பிய எச்சில் தரையில் விழுமுன் நடுவழியிலேயே வெடித்து உறைகிறது. இத்தகைய நாளில் தனியே போகாதே என்று ஓர் அநுபவசாலிக் கிழவர் சொல்லியிருந்தார். அவன் சிரித்துவிட்டு வந்தான். நாய்க்கு மட்டும் உள்ளூர இது தகாது என்று தெரிகிறது.

பனிக்கு அடியில் உறையாத ஊற்று. கால் உள்ளே இறங்கி, முழங்காலுக்குப் பாதிவரை நனைந்துவிடுகிறது. அவன் பதறவில்லை. சுள்ளி பொறுக்கி, ஒழுங்காகத் தீ மூட்டுகிறான். தீ நன்றாகப் பற்றுகிறது. கிழவர் சொன்னது வீண் பயம் என்று நினைத்துக்கொள்கிறான்.

அவன் செய்த தவறு ஒன்றே ஒன்றுதான். ஸ்புரூஸ் என்ற ஊசியிலை மரத்துக்கு அடியில் தீ மூட்டிவிட்டான். சுள்ளி ஒடிக்க வசதியாக இருந்தது. அந்த மரத்தின் கிளைகளில் பல நாள் பனி குவிந்திருந்தது. சுள்ளி ஒடிக்க ஒடிக்கக் கிளை அசைந்தது. மேல் கிளையிலிருந்து பனி கீழ்க் கிளையில் விழுந்தது. அது அடுத்த கிளையில் விழுந்தது. ஒரே குவியலாகத் தீயின் மேல் விழுந்தது. தீ இருந்த இடத்தில் வெறும் பனி!

வெட்டவெளியில் மறுபடி தீ மூட்டப் பார்க்கிறான். இதற்குள் விரல்கள் மரத்துவிட்டன. ஒரு குச்சியை எடுக்க முடியவில்லை. இரண்டு உள்ளங்கைகளுக்கும் நடுவில் கட்டை இடுக்கி, 70 குச்சிகளையும் ஒரே தேய்ப்பில் பற்ற வைக்கிறான். கை சதை கருகுகிறது. அந்த வலியையும் பொறுத்துக்கொண்டு மரப்பட்டையில் தீயைப் பற்ற வைக்கிறான். நடுங்கும் கையால் சுள்ளியைத் தள்ளும்போது சின்னத் தீ சிதறி அணைந்துவிடுகிறது.

நாயைக் கொன்று அதன் வயிற்றுச் சூட்டில் கையை நுழைக்கலாமா என்றுகூட நினைக்கிறான். கத்தியைப் பிடிக்க விரல் வளையவில்லை. ஓடிப் பார்க்கிறான், விழுகிறான். கடைசியில் உட்கார்ந்து, தூங்குவதுபோல் இறந்துபோகிறான். நாய் வெகு நேரம் காத்திருக்கிறது. சாவின் வாடை தெரிந்ததும், தீ இருக்கும் வேறு முகாமைத் தேடிப் போய்விடுகிறது.

முதல் கதையில் பிழைக்க வைத்தவனை இரண்டாவது கதையில் ஏன் சாக விட்டார்? நடுவில் சான்பிரான்சிஸ்கோ எரிந்ததுதான் காரணம் என்று அடித்துச் சொல்ல முடியாது. ஆனால் 1908-ல் எழுதியவர், நெருப்பு எல்லோருக்கும் இரண்டாவது வாய்ப்புக் கொடுக்கும் என்று நம்பியவராகத் தெரியவில்லை.

இன்னொரு வேடிக்கை. இந்தக் குளிர்ந்த கதை வெளிவந்தபோது ஜாக் எங்கே இருந்தார் தெரியுமா? பூமத்திய ரேகைக்குப் பக்கத்தில், சாலமன் தீவுகளில்! சொந்தக் கப்பலில் மனைவியோடு உலகம் சுற்றப் புறப்பட்டவர், காய்ச்சலிலும் தோல் நோயிலும் வாடிக்கொண்டிருந்தார். பயணத்தைப் பாதியில் நிறுத்தி, 1909-ல் ஊர் திரும்பினார்.

ஓநாய் வீடு

திரும்பி வந்ததும் நிலம், பயிர், பன்றி, குதிரை என்று பண்ணையில் மூழ்கினார். 1911-ல் ஒரு பெரிய வீடு கட்டத் தொடங்கினார். நெருங்கிய நண்பர் ஒருவர் அவரை ஓநாய் என்று செல்லமாக அழைப்பது வழக்கம். வீட்டுக்கும் ஓநாய் வீடு என்று பெயர் வந்தது.

26 அறைகள். பனி நாட்டில் ஒரே அடுப்பைச் சுற்றி உட்கார்ந்திருந்தவர், இந்த வீட்டில் 9 கணப்புகள் வைத்தார்! எரிமலைப் பாறையால் சுவர். பட்டை உரிக்காத செம்மரத்தால் மேல் பாகம். பூகம்பத்துக்கு அசையாதபடி காங்கிரீட் அடித்தளம். தொழுவச் சுவர் விழுந்ததை அவர் மறக்கவில்லை. கையெழுத்துப் பிரதிகளை வைப்பதற்கு, தீப்பிடிக்காத ஒரு பாதாள அறைகூட உண்டு. கட்டி முடிப்பதற்குப் பணம் போதாமல், முன்பணம் வாங்கி வாங்கிக் கதை எழுதினார்.

1913 அவருக்கு நல்ல வருடமாக இல்லை. பயிர் சரியாக விளையவில்லை. ஜூலையில் குடல்வால் அறுவைச் சிகிச்சை நடந்தது. சிறுநீரகம் கெட்டிருப்பதை டாக்டர் அப்போது கண்டுபிடித்தார். குடிப்பழக்கமும் இருந்தது. தம்முடைய குடியைப் பற்றி அந்த வருடமே ஒரு புத்தகம் எழுதினார்; பழக்கத்தை முற்றிலும் விடவில்லை. நெருப்பிடம் காட்டிய எச்சரிக்கையை அவர் மதுவிடம் காட்டவில்லை.

வீடு முடிகிற தறுவாய். இன்னும் சில வாரத்தில் குடி போக வேண்டும். தச்சர்கள் கடைசியாக மரவேலைக்கு எண்ணெய் பூசிக்கொண்டிருந்தார்கள்.

ஆகஸ்டு 22-ந் தேதி இரவு. வெப்பமான இரவு. நடு நிசியில் வானம் சிவந்தது. ஜாக்கும் சார்மியனும் தங்கியிருந்த சிறு வீட்டிலிருந்து ஓடி வந்தபோது ஓநாய் வீட்டின் கூரை எரிந்துகொண்டிருந்தது. பக்கத்தில் தண்ணீர் இல்லை. சுற்றியுள்ள காடு பற்றிக்கொள்ளாமல் பார்த்துக்கொள்வதுதான் செய்யக்கூடியதாக இருந்தது. பொழுது விடிந்தபோது கற்சுவர்களும் புகைபோக்கிகளும் மட்டும் நின்றன.

யாரோ பொறாமையால் வைத்த தீ என்று ஊர் பேசியது. வேலையிழந்த ஆள் ஒருவன் என்றார்கள். ஆளுக்கொரு பெயரைச் சொன்னார்கள். எதுவும் நிரூபணமாகவில்லை. அந்தச் சந்தேகம் 80 வருடத்துக்கு மேல் நீடித்தது.

1995-ல் தீ விபத்துகளை ஆராயும் நிபுணர்கள் அங்கே போனார்கள். எரிந்த சுவர்களை அங்குலம் அங்குலமாகப் பார்த்தார்கள். தச்சர்கள் போட்டுவிட்டுப் போன எண்ணெய்த் துணிகள்தான் காரணமாக இருக்க வேண்டும் என்ற முடிவுக்கு வந்தார்கள்.

அது எப்படி? மரத்துக்குப் பூசுவது ஆளிவிதை எண்ணெய். அது காற்றோடு கலந்து உலரும்போது சூடு உண்டாகும். துணியை விரித்துப் போட்டால் அந்தச் சூடு காற்றில் போய்விடும். குவித்துப் போட்டால் உள்ளேயே தங்கி ஏறிக்கொண்டே போகும். ஈர வைக்கோலைப் போராகப் போட்டால் உள்ளே கொதிப்பதைக் குடியானவர்கள் அறிவார்கள். அதே சங்கதிதான். வெப்பமான இரவில் அந்தத் துணிக் குவியல், குச்சி கிழிக்காமலே பற்றிக்கொள்ளும்.

மரத்தடியில் தீ மூட்டியவனின் தவறு எவ்வளவு சிறியதோ, இதுவும் அவ்வளவு சிறியது.

ஜாக்குக்கு இந்தக் காரணம் தெரியாது. யாரோ வைத்துவிட்டார்களோ என்ற எண்ணத்தோடுதான் கடைசி வரை இருந்தார். மறுபடி கட்டுவதாகச் சொன்னார். அதற்காக மரமும் வெட்டிப் போட்டார். கடனை அடைக்க எழுதினார், பண்ணைக்காக எழுதினார், காலையில் 1,000 வார்த்தை என்ற கணக்கை நிறுத்தவில்லை. வீடு மட்டும் எழும்பவில்லை.

1916 நவம்பர் 22-ந் தேதி, பண்ணையில் இருந்த சிறு வீட்டில் ஜாக் லண்டன் இறந்தார். சிறுநீரகக் கோளாறால் ரத்தம் விஷமாகிவிட்டது என்று டாக்டர்கள் எழுதினார்கள்.

யூக்கானில் அவர் தங்கிய குடிசையைப் பல வருடம் கழித்துக் கண்டுபிடித்தார்கள். அவர் கையெழுத்து இருந்த மரத்துண்டால் அடையாளம் தெரிந்தது. அந்த மரங்களைப் பிரித்து இரண்டு குடிசைகள் செய்தார்கள். ஒன்று யூக்கானில் டாசன் நகரில் இருக்கிறது. மற்றொன்று ஓக்லாந்தில், அவர் சிறுவனாகத் திரிந்த துறைமுகத்தில் இருக்கிறது.

அவர் உடலைத் தகனம் செய்தார்கள். சாம்பலைப் பண்ணையில் ஒரு சிறு குன்றின்மேல் புதைத்தார்கள். ஓநாய் வீடு கட்டும்போது, மிகவும் பெரிதாக இருக்கிறதென்று கட்டடக்காரர்கள் ஒதுக்கிப் போட்ட ஒரு சிவந்த பாறை கிடந்தது. அதைக் குதிரைகள் பூட்டி இழுத்து வந்து மேலே வைத்தார்கள். 1955-ல் சார்மியன் இறந்ததும், அவருடைய சாம்பலையும் அதே பாறையின் கீழ் வைத்தார்கள். இப்போது அந்தப் பண்ணை கலிபோர்னியா அரசாங்கத்தின் பூங்கா. குன்றிலிருந்து சிறிது தூரம் மரங்களுக்கு இடையே நடந்து போனால், கூரையில்லாத ஓநாய் வீட்டின் சுவர்களைப் பார்க்கலாம்.